உப்பு மூட்டைக்கு வந்த முகவரி



உப்பு விற்கப் போனால் மழை பெய்கிறது, உமி விற்கப் போனால் காற்றடிக்கிறது என்பது நம் பெரியவர்கள் சொன்ன பழமொழி. ஐம்பது ஆண்டுகளை நெருங்கும் காலம் உப்பு விற்றவன் என்ற முறையில் சொல்கிறேன், அந்தப் பழமொழி பொய்யில்லை. ஆனால் மழை, புயலைவிடப் பெரிய மாறுதல்களையும் உப்பு வியாபாரம் சந்தித்திருக்கிறது. நமது இதழில் ஜவுளி, மளிகை, இரும்பு, எண்ணெய் என்று பல சரக்குகளைப் பற்றி அன்பர்கள் எழுதிவிட்டார்கள். எல்லாக் கடையிலும் இருந்தும் யார் கண்ணிலும் படாத உப்பைப் பற்றி நான் எழுதலாம் என்று துணிந்தேன். என் படிப்பு எஸ்.எஸ்.எல்.சி. வரைதான். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

நமது இதழ் வாசகர்களில் ஐம்பது வயதைத் தாண்டியவர்களுக்கு ஒரு காட்சி நினைவிருக்கும். இரவு கடையைச் சாத்தும்போது அரிசி, பருப்பு, சர்க்கரை எல்லாம் உள்ளே போகும். உப்பு மூட்டை மட்டும் வாசலிலேயே கிடக்கும். உள்ளே வைத்தால் நீர் கசிந்து மற்றச் சரக்கைக் கெடுத்துவிடும் என்பது ஒரு காரணம். அதைத் திருடிக்கொண்டு போய் யாரும் பணக்காரர் ஆகப்போவதில்லை என்பது இன்னொரு காரணம். உப்பைத் திருடினால் பாவம் என்ற பயமும் இருந்தது. அந்த மூட்டைக்குப் பூட்டு இல்லை, பெயர் இல்லை, விலாசம் இல்லை. எந்த அளத்து உப்பு, யார் வாரியது, யார் விற்றது என்று யாரும் கேட்டதில்லை. பெயர் இல்லாத அந்த மூட்டைக்கு எப்படி ஒரு முகவரி வந்தது, அதற்கு யார் என்ன விலை கொடுத்தார்கள் என்பதுதான் இந்தக் கட்டுரை.

கால்வாயின் தென்கோடி

எங்கள் மரக்காணம் அன்றைய தென்னாற்காடு மாவட்டம், திண்டிவனம் தாலுகாவில் இருந்தது. 1993-இல் விழுப்புரம் மாவட்டம் பிரிந்தபோது அதில் சேர்ந்தது. சங்க இலக்கியம் கூறும் எயிற்பட்டினம் எங்கள் ஊர்தான் என்று அறிஞர்கள் சொல்வார்கள். அந்தக் காலத்தில் உமணர் என்ற உப்பு வணிகர்கள் வண்டி கட்டிக்கொண்டு உள்நாடு போய், உப்பைக் கொடுத்து நெல் வாங்கி வந்தார்கள். என் பாட்டனார் காலம் வரை அந்த முறை பெரிதாக மாறவில்லை. திண்டிவனம், செஞ்சி, திருவண்ணாமலை வரை மாட்டு வண்டியில் உப்பு போகும். திரும்பும்போது நெல்லும் மணிலாக்கொட்டையும் வரும்.

சென்னைக்குப் போகும் உப்புக்கு வேறு வழி இருந்தது. பக்கிங்காம் கால்வாய் ஆந்திராவில் பெத்தகஞ்சத்தில் தொடங்கி மரக்காணத்தில் முடிகிறது. 1876-78 பெரும் பஞ்சத்தில் கூலி வேலை கொடுப்பதற்காகவே அந்தக் கால்வாயில் ஒரு பகுதி வெட்டப்பட்டது. அன்றைய சென்னை கவர்னர் பக்கிங்காம் பிரபுவின் பெயரே அதற்கு நிலைத்தது. உப்பும் விறகும் படகில் ஏறி, துடுப்புக் கழியாலும் பாயாலும் சென்னை போய்ச் சேர்ந்தன. சாலையும் லாரியும் வந்தபின் படகுக்கு வேலை குறைந்தது. கால்வாய் தூர்ந்தது. நான் சிறுவனாக இருந்தபோது கரையில் கவிழ்த்துப் போட்ட பழைய படகுகளின் மேல் ஏறி விளையாடியிருக்கிறேன். அந்தப் படகுக்காரர்களின் பிள்ளைகள் என்ன தொழிலுக்குப் போனார்கள் என்று அன்று நான் கேட்டுக்கொள்ளவில்லை. இன்று கேட்கத் தோன்றுகிறது.

வரி போன நாள்

வெள்ளைக்காரர் ஆட்சியில் உப்புக்கு வரி இருந்தது நமக்குத் தெரியும். அது எப்படி நடந்தது என்பது இளைய வணிகர்களுக்குத் தெரியாமல் இருக்கலாம். அளத்தில் வாரிய உப்பு சர்க்கார் காவலில் இருக்கும். வரி கட்டிச் சீட்டு வாங்கினால்தான் வண்டி நகரும். 82 ராத்தல் கொண்ட ஒரு மணுவுக்கு 1923-இல் வரி இரண்டரை ரூபாயாக இரட்டிப்பானது. எதிர்ப்பு வந்ததால் மறு ஆண்டே ஒன்றேகால் ரூபாய்க்கு இறங்கியது. உப்பை விளைவிக்கும் செலவைவிட வரி பல மடங்கு. கடலோரத்தில் பிறந்தவன் தன் காலடியில் படிந்த உப்பைக் கிள்ளி எடுத்தாலும் குற்றம்.

1930 ஏப்ரல் 6-ஆம் நாள் காந்தியடிகள் தண்டியில் உப்பெடுத்தார். ஏப்ரல் 13-ஆம் நாள் ராஜாஜி தொண்டர்களுடன் திருச்சியிலிருந்து நடந்து புறப்பட்டு, 30-ஆம் நாள் வேதாரணியத்தில் சட்டத்தை மீறினார். 1931 மார்ச்சில் காந்தி - இர்வின் ஒப்பந்தத்தால், கடலோர மக்கள் சொந்த உபயோகத்திற்கு உப்பெடுக்கும் உரிமை வந்தது. 1947 ஏப்ரல் 1 முதல் வரியே நீங்கியது. சுதந்திரக் கொடி ஏறுவதற்கு நாலரை மாதம் முன்பே உப்புக்குச் சுதந்திரம் வந்துவிட்டது என்று என் தகப்பனார் சொல்வார். அடுத்த ஆண்டில், 10 ஏக்கர் வரை உள்ள சிறு அளங்களுக்கு உரிமம் வேண்டாம் என்ற சலுகையும் கிடைத்தது. எங்கள் பக்கத்தில் சிறு அளக்காரர்கள் தலையெடுத்தது அதற்குப் பிறகுதான். இன்றைக்கும் உப்புக்கு ஜி.எஸ்.டி. கிடையாது. ஆட்சிகள் மாறினாலும் உப்பில் கைவைக்க எல்லோருக்கும் ஒரு தயக்கம் இருக்கிறது.

படியிலிருந்து தராசுக்கு

நான் 1976-இல் மண்டியில் உட்கார்ந்தேன். அப்போது கிலோ கணக்கு வந்து பல ஆண்டுகள் ஆகிவிட்டன. 1956-ஆம் ஆண்டுச் சட்டப்படி 1958 முதல் படிப்படியாகப் புது எடைகள் வந்தன. ஆனால் கிராமத்தில் உப்பு மட்டும் படியால்தான் அளக்கப்பட்டது. காரணம் உண்டு. உப்பு காற்றிலுள்ள ஈரத்தை இழுக்கும், வெயிலில் விடும். மார்கழியில் 75 கிலோ நின்ற மூட்டை சித்திரையில் 72 கிலோ நிற்கும். இதனால் மொத்த வியாபாரிக்கும் சில்லறை வியாபாரிக்கும் தீராத தகராறு. படியில் அளந்தால் அந்தத் தகராறு இல்லை. அதில் வேறு தகராறு உண்டு. பெரிய கல்லாக இருந்தால் படியில் இடைவெளி விழும். குமித்து அளப்பதா, தலைதட்டி அளப்பதா என்று வீட்டம்மாமார்கள் விடமாட்டார்கள்.

தெருவில் தள்ளுவண்டியில் உப்பு கூவி விற்பவர்கள் எங்கள் மண்டியில் தினமும் பத்துப் பேர் சரக்கெடுத்தார்கள். காலையில் கடனாக எடுத்து மாலையில் காசு கட்டுவார்கள். வெள்ளிக்கிழமை உப்பு வாங்கினால் லட்சுமி வருவாள் என்பதால் அன்று இரட்டைச் சரக்கு ஓடும். விளக்கு வைத்தபின் உப்பு கடன் கொடுக்கமாட்டார்கள் என்பதால் பொழுது சாய்வதற்குள் வண்டி காலியாக வேண்டும். அவர்களுக்குச் சிட்டையும் இல்லை, பில்லும் இல்லை. வாய்ச்சொல்தான். ஒருவர்கூட என்னை ஏமாற்றியதில்லை.

பொட்டலம் வந்தது

1983-இல் டாட்டா உப்பு பொட்டலத்தில் வந்தது. உப்பைப் பொட்டலம் கட்டி விற்பதா என்று மண்டியில் நாங்கள் சிரித்தோம். தூளாக இருந்தது, ஈரம் கசியவில்லை, கல் மண் இல்லை. நகரத்துப் பெண்கள் அதை விரும்பினார்கள். தொலைக்காட்சி வந்தது, விளம்பரம் வந்தது. தள்ளுவண்டிக்காரர்கள் பத்துப் பேர் ஐந்தாகி, இரண்டாகி, ஒருநாள் யாரும் வரவில்லை. நாங்கள் சிரித்தது எவ்வளவு பெரிய தப்புக் கணக்கு என்று அப்போது தெரிந்தது.

அதன் பின்னால் சட்டம் வந்தது. அயோடின் குறைந்தால் கழுத்துக் கழலை வரும் என்பது மட்டுமல்ல, கருவிலிருக்கும் குழந்தையின் மூளை வளர்ச்சியே பாதிக்கும் என்று மருத்துவம் சொல்கிறது. சுவிட்சர்லாந்தில் 1922-லும் அமெரிக்காவில் 1924-லும் உப்பில் அயோடின் சேர்க்கத் தொடங்கினார்கள். நம் நாட்டில் 1956-இல் இமாசலத்தின் காங்க்ரா பள்ளத்தாக்கில் டாக்டர் இராமலிங்கசாமி குழுவினர் தொடங்கிய ஆய்வு, அயோடின் உப்பால் கழலை குறைவதைக் காட்டியது. 1962-இல் தேசியத் திட்டம் வந்தது. உணவுக்கு அயோடின் இல்லாத உப்பு விற்கக்கூடாது என்ற மத்திய அரசின் தடை 1998 மே மாதம் நடைமுறைக்கு வந்தது. 2000-இல் அது நீக்கப்பட்டது. 2006 மே 17 முதல் மீண்டும் வந்தது. தடை வரும், போகும் என்று எங்களைப் போன்றவர்கள் அலட்சியமாக இருந்ததற்கு இந்த இழுபறியும் ஒரு காரணம். ஆனால் அது சாக்கு. வியாபாரி சட்டம் தெரியாது என்று சொல்ல முடியாது.

ஒரு வரி எழுதாத பில்

இவ்விடத்தில் என் தவறு ஒன்றைச் சொல்ல வேண்டும். பதினைந்து ஆண்டுகளுக்கு மேலாக மனதில் உறுத்துவது.

2007-ஆம் ஆண்டு. செஞ்சிப் பக்கம் ஒரு மளிகைக் கடைக்காரர். அவர் தகப்பனார் என் தகப்பனாரிடம் உப்பெடுத்தவர். வழக்கம்போல் பத்து மூட்டை கல் உப்பு அனுப்பினேன். அயோடின் சேர்க்காத உப்பு. மாட்டுக்கும் தென்னைக்கும் போடத்தான் வாங்குகிறார்கள் என்று நான் நினைத்துக்கொண்டேன். கேட்கவில்லை. மூட்டையில் எழுத்தில்லை. பில்லில் ‘உப்பு - 10 மூட்டை’ என்று மட்டும் இருந்தது. அவர் தகப்பனார் செய்தது போலவே ஒரு மூட்டையை வாசலில் வைத்து வாயைப் பிரித்து வைத்தார். அதிகாரி வந்து மாதிரி எடுத்தார். அயோடின் இல்லை. வழக்கு.

அவர் பில்லை எடுத்துக்கொண்டு மண்டிக்கு வந்தார். “அண்ணே, இதுல உப்புன்னுதானே இருக்கு. திங்கிற உப்பு இல்லைன்னு நீங்க ஒரு வார்த்தை போடலையே” என்றார்.

அன்றிருந்த உணவுக் கலப்படத் தடைச் சட்டத்தில், மொத்த வியாபாரி தன் சரக்கின் தரத்துக்கு எழுத்து மூலம் உத்தரவாதம் கொடுக்க வேண்டும் என்று இருந்தது. உத்தரவாதத்துடன் வாங்கி, வாங்கியபடியே விற்ற சில்லறை வியாபாரிக்குச் சட்டத்தில் பாதுகாப்பும் இருந்தது. நான் கொடுக்காத அந்த ஒரு வரிதான் அவருக்கு இல்லாமல் போன கவசம்.

என்னிடம் கணக்கெழுதியவர் நல்ல எண்ணத்தில் ஒரு யோசனை சொன்னார். நம்மிடமுள்ள பில் புத்தகத்தின் நகலில் ‘தொழில் உபயோகத்திற்கு’ என்று சேர்த்துவிட்டால் நமக்குத் தொல்லையில்லை என்றார். பேனா என் கையில் இருந்தது. பொய் சொல்கிறேன் என்று நினைக்காதீர்கள், ஒரு நாள் முழுதும் அந்தப் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். எழுதவில்லை. ஆனால் அவருக்காக உடனே போய் நிற்கவும் இல்லை. முதல் இரண்டு வாய்தாவுக்கு உடம்பு சரியில்லை என்று சொல்லிவிட்டேன். மூன்றாவது வாய்தாவுக்குத்தான் புத்தகத்தோடு போய், மூட்டையில் குறியும் பில்லில் விவரமும் இல்லாமல் நான்தான் அனுப்பினேன் என்று சொன்னேன். அதற்குள் அவர் மனம் விட்டுப்போயிருந்தது. இரண்டு ஆண்டு அலைச்சலுக்குப் பின் இருவரும் அபராதம் கட்டினோம். அவர் பங்கையும் நான் கட்டுகிறேன் என்றதற்கு அவர் ஒப்பவில்லை. “பணத்துக்கு இல்லண்ணே. ரெண்டு வாய்தா நான் தனியா நின்னேன்” என்றார். அதன்பின் என்னிடம் சரக்கெடுப்பதை நிறுத்திவிட்டார். இரண்டு தலைமுறைக் கணக்கு மூடியது.

ஐம்பது கிராம்

2009-இல் மண்டிக்குப் பின்னால் கொட்டகை போட்டு, அயோடின் தெளிக்கும் சிறு இயந்திரம் வைத்தேன். அப்போதுதான் எனக்கு ஒரு கணக்கு தெரிந்தது. ஒரு டன் உப்புக்குச் சேர்க்க வேண்டிய பொட்டாசியம் அயோடேட் ஏறத்தாழ ஐம்பது கிராம். ஒரு கைப்பிடிகூட இல்லை. உற்பத்தியில் பத்து லட்சத்தில் 30 பங்கும், வாடிக்கையாளர் கையில் சேரும்போது 15 பங்குக்குக் குறையாமலும் அயோடின் இருக்க வேண்டும் என்பது அன்றைய விதி. சோதனைச் சொட்டு மருந்தை உப்பில் விட்டால் நீலநிறம் வரும். அவ்வளவுதான். இந்த ஐம்பது கிராமுக்குப் பயந்தா இத்தனை ஆண்டு கழித்தோம் என்று வெட்கமாக இருந்தது.

இதில் இன்னொரு பக்கமும் உண்டு. மரக்காணத்தில் மூவாயிரம் ஏக்கருக்கு மேல் உப்பளம் இருக்கிறது. தை, மாசியில் பாத்தி மிதித்துச் சமன் செய்து, கடல் தண்ணீரில் 3 டிகிரி இருக்கும் உப்புச் செறிவு வெயிலில் 25 டிகிரிக்கு ஏறும் வரை பாத்தி பாத்தியாக மாற்றி, பலகையால் வாரி, கூடையில் சுமந்து கரையேற்றுகிறார்கள். சுமப்பவர்களில் பெரும்பாலோர் பெண்கள். வெள்ளை உப்பில் பட்டுத் திரும்பும் வெயிலில் கண் கெடுகிறது, பாதம் வெடிக்கிறது. களத்தில் கிலோ இரண்டு, மூன்று ரூபாய்க்குப் போகும் உப்பு, பொட்டலத்தில் அதைப்போல் பல மடங்கு விலைக்கு விற்கிறது. நடுவில் சேர்ந்தது ஐம்பது கிராம் மருந்தும், இயந்திரமும், உறையும், ஒரு பெயரும். நவீனம் வந்ததில் பெயர் வைத்தவனுக்கு லாபம், உப்பை விளைவித்தவனுக்குப் பழைய கூலி என்பதே உண்மை நிலை.

எங்கள் அளத்தில் முப்பது ஆண்டு உப்பு சுமந்த ஒரு அம்மாவின் மகள் இன்று நர்சு. “எம்பொண்ணு காலு உப்புல படக்கூடாதுன்னுதான் மொதலாளி நான் சுமந்தேன்” என்று அந்த அம்மா சொன்னபோது எனக்குப் பெருமையாகவும் இருந்தது, பயமாகவும் இருந்தது. அளத்துக்கு ஆள் கிடைப்பது குறைந்துவிட்டது. ஆளில்லை என்று நாம் குறை சொல்வதில் நியாயமில்லை. அந்த வேலையை அடுத்த தலைமுறை செய்யும்படி நாம் வைத்திருந்தோமா என்பதே கேள்வி. மழைக்கால மூன்று மாதம் வேலையில்லாத உப்பளத் தொழிலாளர் குடும்பங்களுக்கு 5,000 ரூபாய் நிவாரணம் தரும் திட்டத்தைத் தமிழக அரசு 2022-இல் தொடங்கியது. 2004 சுனாமி, 2011 டிசம்பரில் தானே புயல், 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் என்று ஒவ்வொரு முறையும் கடலும் மழையும் எங்கள் கடற்கரையைப் புரட்டிப் போட்டிருக்கின்றன. அந்த மக்களுக்கு இந்த உதவி சிறிதென்றாலும் தேவையானது.

நாம் செய்ய வேண்டியது

2011 ஜூலையில் உச்ச நீதிமன்றம், பழைய தடை விதி அந்தச் சட்டத்தின் எல்லையைத் தாண்டியது என்று கூறியது. அதைக் கேட்டு இனி அயோடின் வேண்டாம் என்று சிலர் இன்றும் பேசுகிறார்கள். அது தவறு. அதே ஆண்டு ஆகஸ்டு 5-இல் நடைமுறைக்கு வந்த உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் விதிமுறைகளில் அந்தத் தடை இருக்கிறது. தரக்குறைவான உணவுப் பொருளுக்கு ஐந்து லட்சம் ரூபாய் வரையும், தவறான லேபிளுக்கு மூன்று லட்சம் வரையும் அபராதம் விதிக்க இடமுண்டு. எனவே நான் பட்டதைக் கொண்டு நமது உறுப்பினர்களுக்குச் சில வார்த்தைகள்:

1. மொத்த வியாபாரிகள் அயோடின் இல்லாத உப்பு மூட்டையில் ‘உணவுக்கு அல்ல’ என்றும், கால்நடைக்கா, தோலுக்கா, கருவாட்டுக்கா என்றும் தமிழில் பெரிதாக அச்சிட வேண்டும். பில்லிலும் அதே வாசகம் வேண்டும்.

2. சில்லறை வியாபாரிகள் பில் இல்லாமல் உப்பு வாங்க வேண்டாம். இன்றைய சட்டத்தில் பில்லே உத்தரவாதமாகக் கொள்ளப்படுகிறது. பத்து ரூபாய்க்குப் பார்த்து அதை விடாதீர்கள்.

3. அயோடின் சேர்த்த கல் உப்பை வெயிலிலும் ஈரத்திலும் வாய் திறந்து வைத்தால் அயோடின் குறைந்துவிடும். மூடி வையுங்கள். வாசல் மூட்டைக் காலம் முடிந்துவிட்டது.

4. பெரிய பெயர் போட்ட பொட்டலத்தோடு, அயோடின் சேர்த்த உள்ளூர் அளத்து உப்புக்கும் கடையில் ஒரு வரிசை இடம் கொடுங்கள். வாடிக்கையாளர்கள் மீண்டும் கல் உப்பைத் தேடி வருகிறார்கள். அந்த லாபத்தில் ஒரு பங்கு களத்துக்குப் போகட்டும்.

கடைசியாக ஒன்று. 2019-இல் ஒருநாள் மண்டிக்குத் தொலைபேசி வந்தது. செஞ்சிக்காரர்தான். பத்து ஆண்டுக்குப் பின் குரலைக் கேட்கிறேன். மகன் புதுக்கடை திறக்கிறான் என்றார். புதுக்கடையில் முதலில் உப்பும் மஞ்சளும் வைப்பது நம் வழக்கம் அல்லவா. “அண்ணே, அப்பா காலத்துலேருந்து உங்க மண்டி உப்புதான். ஒரு மூட்டை அனுப்புங்க” என்றார். என்னால் உடனே பேச முடியவில்லை. சற்றுப் பொறுத்து அவரே சிரித்துக்கொண்டு சொன்னார்: “லேபிள் ஒட்டி, பில்லோட அனுப்புங்க.”

அனுப்பினேன். நானே வண்டியில் ஏறிக் கொண்டுபோய்க் கொடுத்தேன். உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்பார்கள். உப்பு விற்றவனுக்கும் அது பொருந்தும்.